கடைசி ரீல் பிரசங்கம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

எங்கள் ஊரில் மாதம் ஒரு படம் போட்டுப் பேசும் சிறு குழு ஒன்று இருக்கிறது. சென்ற மாதம் ஹிட்லரைக் கேலி செய்யும் சாப்ளினின் ‘தி கிரேட் டிக்டேட்டர்’ பார்த்தோம். கடைசியில் வரும் அந்த நீண்ட உரை முடிந்ததும் பாதிப்பேர் கைதட்டினார்கள். ஒரு நண்பர் மட்டும், “அந்த உரைதான் படத்தைக் கெடுத்தது, அங்கதம் (satire) எழுதுகிறவன் நேராகப் பேசவே கூடாது” என்றார். வாக்குவாதம் முற்றிவிட்டது. எனக்கு அந்த உரை பிடிக்கும். நல்ல விஷயத்தை நேராகச் சொன்னால் என்ன தப்பு? இன்னொருவர், தமிழில் அங்கதமே கிடையாது, நம்மிடம் இருப்பதெல்லாம் நக்கல்தான் என்று முடித்துவிட்டார். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்? அடுத்த மாதம் போட ஓர் அங்கதப் படமும் சொல்ல முடியுமா?

ம.
திண்டுக்கல்

அன்புள்ள ம.,

உங்கள் நண்பர் சொன்னதில் முக்கால்வாசி சரி. ‘கூடாது’ என்று சட்டம் போட்டதுதான் கொஞ்சம் அதிகம். நேராக வைவதற்கு நம் பழைய இலக்கணத்திலேயே இடம் இருக்கிறது. தொல்காப்பியம் செய்யுளியலில் அங்கதத்தை இரண்டாகப் பிரிக்கிறார்கள். முகத்துக்கு நேரே வைதால் செம்பொருள் அங்கதம். வசையை உள்ளே ஒளித்து வைத்துச் சொன்னால் பழிகரப்பு. உங்கள் குழுவில் நடந்த சண்டை ரொம்பப் பழைய சண்டை.

பழிகரப்புக்கு எல்லோரும் காட்டும் உதாரணம் புறநானூற்றின் 95ஆம் பாட்டு. அதியமானுக்காகத் தூது போன ஔவையாருக்குத் தொண்டைமான் தன் ஆயுதக் கொட்டிலைச் சுற்றிக் காட்டுகிறான். அவர் பாராட்டுகிறார். இங்கே இருப்பவை மயில்பீலி சூடி, மாலை போட்டு, காம்பு திருத்தி, நெய் பூசி, காவல் உள்ள மாளிகையில் பத்திரமாக இருக்கின்றன. எங்கள் அரசனுடையவையோ பகைவரைக் குத்திக் குத்தி முனை முறிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன. அவ்வளவுதான். ஒரு கெட்ட வார்த்தை கிடையாது. தொண்டைமான் கோபப்படவும் வழியில்லை, ஏனென்றால் அவனைப் புகழ்ந்திருக்கிறார்கள். தமிழில் அங்கதம் கிடையாது என்ற நண்பரிடம் இந்தப் பாட்டைக் கொடுங்கள்.

கூடவே மகேந்திரவர்ம பல்லவன் எழுதிய ‘மத்தவிலாச’த்தையும் கொடுக்கலாம். வடமொழி நாடகம்தான், ஆனால் 7ஆம் நூற்றாண்டின் காஞ்சிபுரத்துத் தெருக்களில் நடக்கிறது. காபாலிகன் என்றால் மண்டையோட்டில் பிச்சை எடுக்கும் சைவத் துறவி. குடிபோதையில் இருக்கும் அப்படி ஒருவனுக்கு அவனுடைய பிச்சைப் பாத்திரமான கபாலம் தொலைந்துவிடுகிறது. வழியில் வந்த பௌத்த பிக்குதான் திருடியிருப்பார் என்று பிடித்துக்கொள்கிறான். அந்த பிக்குவுக்கோ வேறு கவலை. கருணையே வடிவான புத்தர் விஹாரத்தில் (பௌத்த மடத்தில்) நல்ல சாப்பாடும் மெத்தையும் அனுமதித்தவர், மதுவையும் பெண்களையும் மட்டும் எப்படி மறந்திருப்பார்? பொறாமை பிடித்த கிழட்டு பிக்குகள்தான் மூல நூலில் அந்தப் பகுதியை மறைத்திருக்க வேண்டும். அதைத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டும் என்று யோசித்துக்கொண்டே நடக்கிறார். சண்டை தீராமல், நியாயசபைக்குப் போகலாம் என்று பேச்சு வருகிறது. உடனே காபாலிகனின் துணைவி தேவசோமா சொல்கிறாள்: இந்த பிக்குவுக்கு விஹாரங்களின் வருமானம் இருக்கிறது, அதிகாரிகளின் வாயை அடைத்துவிடுவார், பாம்புத் தோலும் திருநீறும் தவிர வேறொன்றும் இல்லாத ஏழையிடம் என்ன இருக்கிறது?

எழுதியவன் நாடாளும் ராஜா. வாய் அடைக்கப்படும் அதிகாரிகள் அவனுடைய அதிகாரிகள். அவனுடைய பட்டப்பெயர்களில் ஒன்றே மத்தவிலாசன். அந்த வசனத்தை ஒரு குடிகாரனின் துணைவி வாயில் வைத்துவிட்டு, விளக்கம் எதுவும் சொல்லாமல் அடுத்த வேடிக்கைக்குப் போய்விடுகிறான்.

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். நல்ல அங்கதம் எதிராளியின் கட்சியை எடுத்துக்கொள்ளும். அவன் நியாயத்தை அவனைவிடத் தெளிவாகப் பேசி, அது எங்கே போய் நிற்கும் என்று கடைசிவரை நடத்திக் காட்டும். பாதி வழியில் ஆசிரியர் தலையை நீட்டி ‘நான் நல்லவன், இதெல்லாம் தப்பு’ என்று சொன்னால் வாசகர் நிம்மதியாகிவிடுவார். அதுவரை குற்றவாளிக் கூண்டில் ஒரு காலை வைத்திருந்தவர் இறங்கி ஆசிரியர் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிடுவார். அந்தக் கைதட்டலில் நமக்கு நாமே தட்டிக்கொள்வதும் கொஞ்சம் உண்டு.

இதை மிக நன்றாக அறிந்தவர் அயர்லாந்து எழுத்தாளர் ஜோனதன் ஸ்விஃப்ட். அயர்லாந்தின் வறுமைக்குத் தீர்வு சொல்லி 1720ல் ஒரு துண்டுப் பிரசுரம் எழுதினார். அயர்லாந்துக்காரர்கள் உள்ளூர்ச் சரக்கையே வாங்க வேண்டும் என்ற நேரான, யோக்கியமான வாதம். அரசு அச்சடித்தவர் மீது வழக்குப் போட்டது. வறுமை அப்படியே இருந்தது. 1729ல் ‘எ மாடஸ்ட் புரபோசல்’ (ஓர் எளிய யோசனை) எழுதினார். பொருளாதாரக் கணக்கில் கெட்டிக்காரரான ஒரு கனவான் அதில் பேசுகிறார். ஏழை வீடுகளில் ஆண்டுக்கு 1,20,000 குழந்தைகள் பிறக்கின்றன; 20,000 பேரை இனவிருத்திக்கு ஒதுக்கிவிட்டு, மீதி ஒரு லட்சத்தை ஒரு வயதானதும் கறிக்கு விற்றுவிடலாம் என்கிறார். வளர்க்க 2 ஷில்லிங் செலவு, விலை 10 ஷில்லிங், தாய்க்கு 8 ஷில்லிங் லாபம். நண்பர்களுக்கு விருந்து வைத்தால் ஒரு குழந்தையில் இரண்டு வகைக் கறி செய்யலாம். வீட்டு ஆட்கள் மட்டும் என்றால் ஒரு கால் பகுதி போதும். மிளகும் உப்பும் போட்டு நாலாம் நாள் வேகவைத்தாலும் நன்றாக இருக்கும், குளிர்காலத்தில் இன்னும் விசேஷம். இது நிலப்பிரபுக்களுக்கு ஏற்ற உணவு என்றும் சொல்கிறார்; பெற்றோரில் பெரும்பகுதியை ஏற்கெனவே தின்றுவிட்டவர்களுக்குத்தானே பிள்ளைகள் மீதும் முதல் உரிமை!

குரல் எங்கும் உயரவில்லை. கடைசி வரியில்கூட அந்தக் கனவான், இதில் எனக்குச் சுயலாபம் எதுவும் இல்லை, என் கடைசிப் பிள்ளைக்கு ஒன்பது வயது, மனைவிக்கும் பிள்ளை பெறும் வயது தாண்டிவிட்டது என்று பணிவோடு சொல்லி முடிக்கிறார்.

அப்படியானால் ஸ்விஃப்ட் தன் உண்மையான யோசனைகளை எங்கே சொன்னார்? அதே கட்டுரைக்குள்தான். வெளியூரில் உட்கார்ந்து வாடகை தின்னும் நிலச்சொந்தக்காரர்களுக்கு வரி போடுங்கள், உள்நாட்டுத் துணியை உடுத்துங்கள், குத்தகைக்காரரிடம் கொஞ்சமாவது இரக்கம் காட்டுங்கள் என்று வரிசையாக வருகிறது. ஆனால் ‘இந்த மாதிரி உதவாத யோசனைகளையெல்லாம் யாரும் என்னிடம் சொல்ல வராதீர்கள்’ என்று கனவான் தள்ளிவிடும் பட்டியலாக வருகிறது! பிரசங்கம் முழுசாக அங்கே இருக்கிறது, மறுப்பாக. நேராகப் பேச வேண்டும் என்ற ஆசை அவருக்கும் இருந்தது. ஆசையைத் தீர்த்துக்கொண்ட விதம்தான் வேறு.

இனி சாப்ளின். எனக்கும் அந்த உரை மீது பகை இல்லை. படம் வெளிவந்தது 1940ல். அமெரிக்கா இன்னும் போருக்குள் இறங்கவில்லை. உலகம் முழுக்கத் தெரிந்த முகம், கையில் ஒரு மைக், எதிரே ஹிட்லர் உயிரோடு. அந்த நிலையில் ஒருவர் மைக்கைக் கீழே வைக்காமல் பேசினார் என்றால் குற்றம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. வதைமுகாம்களின் முழுக் கொடூரம் அப்போதே தெரிந்திருந்தால் இந்தப் படத்தை எடுத்திருக்கவே முடியாது என்று பிற்பாடு, 1964ல் வெளியான சுயசரிதையில் அவரே எழுதினார்.

ஆனால் அதே படத்தின் தொடக்கத்தில் இன்னொரு உரை இருக்கிறது. ஹிட்லரின் நகலான சர்வாதிகாரி ஹின்கல் கூட்டத்தில் பேசுகிறான். ஜெர்மன் மாதிரி ஒலிக்கும், அர்த்தமே இல்லாத உறுமல், இருமல், கனைப்பு. அவன் கத்தும் வேகத்தில் மைக் தானே பின்னால் வளைந்து விலகுகிறது. யூதர்களைப் பற்றி அவன் முகம் கோணக் கோணக் கத்திவிட்டு நிறுத்தியதும், ஆங்கிலத்தில் மொழிபெயர்ப்பவரின் அமைதியான குரல் வருகிறது: மாட்சிமை தங்கியவர் இப்போது யூத மக்களைக் குறிப்பிட்டார். ஒரே வாக்கியம். சர்வாதிகாரி ஒரு பக்கம் இருக்கட்டும், அவன் பேச்சைச் சலவை செய்து செய்தியாக்கும் கண்ணியவான்களின் மீதும் அடி விழுகிறது.

இப்போது இரண்டு உரைகளையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். கடைசி உரையைப் பின்னணி இசை சேர்த்து யார் வேண்டுமானாலும் பகிரலாம். பகிர்கிறார்கள். எல்லாக் கட்சிக்காரரும் அதில் வரும் கொடியவன் எதிர்க்கட்சித் தலைவர் என்றே நினைத்துக்கொள்ளலாம். அன்பு வேண்டும், பேராசை வேண்டாம் என்பதை ஹின்கல்கூடத் தன் பக்கத்தில் போட்டுக்கொள்வான். அந்த உறுமலை மட்டும் அவனால் எடுத்துக்கொள்ள முடியாது. நீங்கள் உரைக்குக் கைதட்டியதில் தப்பில்லை. எனக்கு மைக் வளையும் காட்சி போதும், அவ்வளவுதான்.

குப்ரிக்கின் ‘டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்’ (1964) இதற்கு எதிர்முனை. சீரியஸான ஒரு அணுப்போர் நாவலை வைத்துச் சீரியஸாகத்தான் ஆரம்பித்தார். திரைக்கதை எழுத எழுத எல்லாம் சிரிப்பாக இருக்கிறதே என்று அந்தப் பக்கமே போய்விட்டார். உலகம் அழியப் போகிறது, ஜனாதிபதிக்கு போன் போட வேண்டும், சில்லறை இல்லை. கோகோ கோலா எந்திரத்தைச் சுட்டுக் காசு எடுக்கச் சொன்னால், கம்பெனிக்கு நீதான் பதில் சொல்ல வேண்டும் என்கிறார் கர்னல். முடிவுக்காக ஜெனரல்களும் தூதரும் கிரீம் கேக்கை வீசியடித்துக்கொள்ளும் பெரிய காட்சி ஒன்றை எடுத்து, அப்புறம் வெட்டிவிட்டார். பிரசங்கம் மாதிரியே கூத்தும் படத்தைக் கெடுக்கும் என்று தெரிந்திருக்கிறது.

நம் சினிமாவில் கடைசி ரீல் பிரசங்கம் ஏன் இவ்வளவு சகஜம்? மக்களுக்குப் புரியாது என்ற பயம் ஒரு காரணம். அதை ஆயிரம் பேர் சொல்லிவிட்டார்கள். எனக்குப் படுகிற பெரிய காரணம் கதாநாயகன். அங்கதத்தில் நல்லவனுக்கு வேலை இல்லை. நம் படங்களுக்கோ நல்லவன் இல்லாமல் பூஜையே போட முடியாது. ‘இம்சை அரசன் 23ஆம் புலிகேசி’யை (2006) எடுத்துக்கொள்ளுங்கள். சிம்புதேவனின் முதல் பாதி அபாரம். படைவீரனின் கட்டுமஸ்தான உடம்பில் தன் தலையைப் பொருத்தி ஓவியம் வரையச் சொல்லும் ராஜா; சாதிச் சண்டை போட்டுக்கொள்ள வசதியாக மைதானம் கட்டித் திறந்துவைக்கும் ராஜா. அப்போது அரங்கில் சிரித்தவர்கள் எல்லோரும் கொஞ்சம் தங்களைப் பார்த்தும்தான் சிரித்தார்கள். பிறகு இரட்டைப் பிறவியான நல்லவன் சிம்மாசனத்தில் வந்து உட்காருகிறான், நல்லாட்சி தருகிறான், புலிகேசியும் திருந்துகிறான். ராஜாவை மாற்றினால் நாடு சரியாகிவிடும் என்ற ஆறுதலோடு வீட்டுக்கு அனுப்புகிறது படம். வடிவேலு இரண்டையும் நன்றாகவே செய்தார், அது வேறு.

விதிவிலக்கு ‘ரத்தக்கண்ணீர்’ (1954). மோகனசுந்தரம் பெற்ற தாயையும் கட்டிய மனைவியையும் வதைக்கிறவன். ஊரின் போலித்தனத்தை எல்லாம் கிழிக்கும் வாயும் அவனுக்குத்தான். எம்.ஆர்.ராதா அந்த இரண்டையும் பிரிக்கவே விடமாட்டார். சிரித்த பிறகுதான் யாரோடு சேர்ந்து சிரித்தோம் என்று சுருக்கென்று உறைக்கும். அண்மையில் ‘மண்டேலா’ (2021) அந்தப் பக்கம் போன படம். கட்டிய கழிப்பறையை முதலில் யார் பயன்படுத்துவது என்று இரண்டு சாதியும் அடித்துக்கொள்ளும் ஆரம்பம் பிரமாதம். பின்பாதியில் இளகிவிடுகிறது, ஆனாலும் மைக் பிடிக்கவில்லை.

எழுத்தில் நமக்கு இந்தக் குறை இல்லை. புதுமைப்பித்தனின் ‘கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்’ 1943ல் வந்தது. சென்னைக்கு வந்த கடவுளிடம் கந்தசாமிப் பிள்ளை வரம் கேட்பதில்லை. தன் வைத்தியப் பத்திரிகைக்கு ஜீவிய சந்தா (ஆயுள் சந்தா) கேட்கிறார். யாருடைய ஜீவியம் என்று கடவுளே குழம்புகிறார். ஆடிக் காட்டிப் பிழைக்கலாம் என்று போனால், இதில் கலையே இல்லை என்று ஒரு ரசிகர் கடவுளைத் திருப்பி அனுப்புகிறார். கடவுள் போன பிறகு பிள்ளை கண்ணீர் விடுகிறாரா, தத்துவம் பேசுகிறாரா? கணக்குப் புத்தகத்தைத் திறந்து, கைலாசபுரம் பரமசிவம் பிள்ளை பேரில் 25 ரூபாய் வரவு வைக்கிறார்.

அடுத்த மாதத்துக்குப் படம் கேட்டீர்கள். கே.ஜி.ஜார்ஜின் மலையாளப் படம் ‘பஞ்சவடிப் பாலம்’ (1984) போடுங்கள். பஞ்சாயத்துத் தலைவர் துச்சாசனக் குறுப்பு தன் பெயர் நிலைக்க வேண்டும் என்பதற்காக, நன்றாக இருக்கும் பாலத்தை இடித்துவிட்டுப் புதுப் பாலம் கட்ட முடிவு செய்கிறார். ஆளும் தரப்பு, எதிர்த்தரப்பு, ஒப்பந்தக்காரர் எல்லோருக்கும் அதில் பங்கு. நல்லவர் என்று ஒருவரையும் கதைக்கு நடுவில் நிறுத்தவில்லை. திறப்பு விழாவில் பாலம் என்ன ஆகிறது என்பதை இங்கே சொல்லமாட்டேன். கொச்சியில் 2016ல் திறந்து 2019ல் மூடிய பாலாரிவட்டம் மேம்பாலம் பற்றிய வழக்கில், இது என்ன பஞ்சவடிப் பாலம் கதையா என்று கேரள உயர் நீதிமன்றமே கேட்டது.

வசனம் கொஞ்சம் வேகம். சப்டைட்டில் உள்ள பிரதியாகப் பார்த்து எடுங்கள். உங்கள் நண்பரைக் கட்டாயம் கூப்பிடுங்கள். அவரோடு சண்டை போட இந்தப் படத்தில் வேறு காரணங்கள் இருக்கின்றன.

அன்புடன்