விலங்கு மாட்டிய காடு

கேள்வி: சு. தியடோர் பாஸ்கரனின் சூழலியல் நூல்களைப் படிக்க ஆசை. ஆனால் ‘வனவிலங்கு’ என்று எளிமையாகச் சொல்லாமல் ‘காட்டுயிர்’ என்கிறாரே, இப்படிப்பட்ட சொற்கள் வாசகனை விரட்டாதா? எந்த நூலில் தொடங்கலாம்?

பதில்: உங்கள் எளிமையில் பாதிக் காடு காணாமல் போகிறது. 1972ஆம் ஆண்டின் காட்டுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தில் 1991இல் தாவரங்களுக்கென்றே ஓர் இயல் சேர்த்தார்கள். மேகாலயாவின் குடுவைச் செடி அந்தப் பட்டியலில் உண்டு. பூச்சியைப் பிடித்துச் செரிக்கிறது என்பதற்காக அதை விலங்கு என்றுவிடலாமா? உயிர் என்றால் தொல்லையில்லை. ‘புல்லும் மரனும் ஓரறிவினவே’ என்று தொல்காப்பியமே புல்லை உயிர்க் கணக்கில் எழுதியாயிற்று. விலங்கோ, இன்னொரு பொருளில், போலீஸ்காரர் இடுப்பில் தொங்குவது.

தொல்லை தரும் சொல் வேறு இருக்கிறது. 2022 செப்டம்பர் 17 அன்று நமீபியாவிலிருந்து 8 சிவிங்கிப்புலிகள், ஆங்கிலத்தில் ‘சீட்டா’, மத்தியப் பிரதேசத்துக் குனோ தேசியப் பூங்காவில் வந்திறங்கின. ‘இந்தியாவுக்குச் சிறுத்தை வந்தது’ என்று எழுதினார்கள். சிறுத்தை எப்போது போயிற்று, வருவதற்கு? வால்பாறைத் தேயிலைக்குள் அது பாட்டுக்கு இருக்கிறது. அற்றுப்போனதாக 1952இல் அரசு அறிவித்தது சிவிங்கிப்புலியை. செய்தி எழுதும் தம்பிகளுக்காகச் சொல்கிறேன்: முதலில் முகத்தைப் பாருங்கள். கண்ணின் உள்முனையிலிருந்து வாயோரம் வரை, அழுது மை கரைந்தாற்போல் கறுப்புக் கோடு இறங்கினால் சிவிங்கி. உடம்பில் பொட்டு வைத்ததுபோல் நிறைந்த புள்ளிகள். சிறுத்தைக்கு அந்தக் கோடு கிடையாது. புள்ளிகள் நடுவில் வெறுமையான வளையங்களாக இருக்கும். சிவிங்கியால் நகத்தை முழுக்க உள்ளிழுக்க முடியாது, ஓட்டத்தில் பிடிமானத்துக்கு அது வேண்டும். அதனால் காலடித் தடத்தில் நகமும் பதியும். சிறுத்தைத் தடத்தில் பெரும்பாலும் பதியாது. இதற்கெல்லாம் நேரமில்லையென்றால் ஊர்ப் பெயரைப் பார்த்தே எழுதிவிடலாம்: வால்பாறை என்றால் சிறுத்தை, குனோ என்றால்… அங்கே இரண்டும் உண்டு. மன்னிக்கவும், முகத்தைத்தான் பார்க்க வேண்டும்.

சிவிங்கிக்குத் திறந்த புல்வெளி வேண்டும். நம்மவர்களுக்கோ புல்வெளியைக் கண்டால் கை அரிக்கும். தரிசு என்று பெயர் சூட்டி மரக்கன்றோடு வந்துவிடுவார்கள். நீலகிரியில் வெள்ளைக்காரன் தொடங்கிவைத்த சீகை மரம் (ஆங்கிலத்தில் ‘வாட்டில்’), வரையாடு மேயும் புல்லை நிழலால் கொன்றது. வெட்டிவிட்டால் தீர்ந்ததா? மண்ணுக்குள் பல்லாண்டு உறங்கிய விதை, வெயில் பட்டதும் கூட்டமாக முளைக்கும். தீ பட்டால் இன்னும் உற்சாகம். நாற்றாக இருக்கும்போதே வேரோடு பிடுங்கி, அடுத்த மழைக்கும் அதற்கடுத்த மழைக்கும் திரும்பப் போய்ப் பிடுங்க வேண்டும். மரம் நடும் விழாவுக்கு வரும் பிரமுகர் யாரும் இந்த விழாவுக்கு வருவதில்லை.

கேட்டது நூல் அல்லவா? ‘இன்னும் பிறக்காத தலைமுறைக்காக’ கட்டுரைத் தொகுப்பில் தொடங்குங்கள். அடுத்து, புலி ஆய்வாளர் உல்லாஸ் காரந்தின் நூலுக்குப் பாஸ்கரன் செய்த தமிழாக்கம், ‘கானுறை வேங்கை’. வேங்கை என்றால் மரமும் உண்டே. நூலகத்தில் கிடைக்காவிட்டால் தாவரவியல் அடுக்கிலும் ஒருமுறை தேடிவிடுங்கள்.