டிராஃப்டில் பெயர் வராத ரிசீவரால் என்.எஃப்.எல்.-இல் பெரிய ஆளாக முடியுமா?

கேள்வி: அமெரிக்கக் கால்பந்தில் டிராஃப்டில் எந்த அணியும் எடுக்காத ஒரு வைட் ரிசீவரால், அதாவது எறிகிற பந்தை ஓடிப்போய்ப் பிடிக்கும் ஆட்டக்காரரால், நிஜமாகவே மேலே வர முடியுமா? முதல் சுற்றில் எடுக்கப்பட்டவர்களைவிட இவர்கள் எதில் குறைந்தவர்கள்?

முடியும். ஆனால் பந்தைப் பிடிக்கும் திறமை ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு உள்ளே நுழைய முடியாது. பந்து கைக்கு வருவதற்கு முன்னால் ஓரிரு வருடம் வேறு வேலை பார்த்தாக வேண்டும். அந்த வேலையைப் பற்றி யாரும் அதிகம் எழுதுவதில்லை என்பதால் இந்தப் பதிலில் அதற்குத்தான் அதிக இடம் கொடுக்கப் போகிறேன். நான் மினியாபொலிஸில் வசிப்பவன், மினசோட்டா வைக்கிங்ஸ் அணியின் ரசிகன். எனக்கு நன்றாகத் தெரிந்த ஒருவரை வைத்தே சொல்கிறேன்: ஆடம் தீலன்.

முதலில் ஆட்டம் பார்க்காதவர்களுக்காகக் கொஞ்சம். ஒவ்வொரு வருடமும் ஏப்ரல் கடைசியில் என்.எஃப்.எல். என்ற தொழில்முறைப் போட்டியின் 32 அணிகளும் கல்லூரி வீரர்களை ஏழு சுற்றுகளில் வரிசையாகத் தேர்ந்தெடுக்கும், அதுதான் டிராஃப்ட். 2013-இல் அப்படி அழைக்கப்பட்ட பெயர்கள் 254. நாடு முழுவதும் கல்லூரியில் ஆடி முடித்த அத்தனை பேரிலிருந்தும் இவ்வளவுதான். மீதிப் பேரை எந்த அணியும் கூப்பிட்டு ஒப்பந்தம் போடலாம், போடாமலும் விடலாம். கோடையில் ஓர் அணி 90 பேர்வரை வைத்துக்கொள்ளும். ஆகஸ்ட் முடிவதற்குள் அதை 53 ஆகக் குறைக்க வேண்டும். கழிக்கப்படுகிறவர்களில் பெரும்பாலோர் டிராஃப்டில் பெயர் வராத பையன்கள்தான்.

தீலன் 1990-இல் பிறந்தவர். மினசோட்டாவின் வடமேற்கில் இருக்கும் டெட்ராய்ட் லேக்ஸ் என்ற சிற்றூர்க்காரர். பெரிய பல்கலைக்கழகங்கள் எதுவும் அவரைக் கண்டுகொள்ளவில்லை. மான்கேட்டோ ஊரில் உள்ள மினசோட்டா மாநிலப் பல்கலைக்கழகம் கூப்பிட்டது, அதுவும் 500 டாலர் உதவித்தொகையோடு. அது இரண்டாம் பிரிவுக் கல்லூரி. தொலைக்காட்சியில் சனிக்கிழமை நாம் பார்க்கும் லட்சம் பேர் நிறைந்த அரங்கங்களுக்கும் இதற்கும் சம்பந்தமே கிடையாது. அங்கே எத்தனை பந்து பிடித்தாலும், எதிரே நின்ற தடுப்பாட்டக்காரர்கள் சுமாரானவர்கள் என்று சொல்லித் தேர்வாளர்கள் தள்ளி வைத்துவிடுவார்கள். இண்டியானாபொலிஸில் நடக்கும் தேசியத் தேர்வு முகாமுக்கும் அவருக்கு அழைப்பு வரவில்லை. சொந்தச் செலவில் சிகாகோவில் நடந்த வட்டாரத் தேர்வுக்குப் போனார். 40 கெஜ ஓட்டத்தை 4.45 விநாடியில் ஓடினார். ரிசீவருக்கு அது நல்ல வேகம். அப்படியும் டிராஃப்டில் அவர் பெயர் வரவில்லை.

அதே டிராஃப்டில் வைக்கிங்ஸ் முதல் சுற்றிலேயே, 29-ஆவது ஆளாக, ஒரு ரிசீவரை எடுத்தது. டென்னசி பல்கலைக்கழகத்தின் கார்டரெல் பாட்டர்சன். அடுத்த சில நாட்களில் தீலன் வைக்கிங்ஸின் புதுமுகப் பயிற்சி முகாமுக்கு வந்தார். கையில் ஒப்பந்தம் கிடையாது. வார இறுதி முழுக்க ஓடிக் காட்டலாம், பிடித்திருந்தால் கையெழுத்து, இல்லையென்றால் நன்றி சொல்லி அனுப்பிவிடுவார்கள். அவருக்குக் கையெழுத்து கிடைத்தது. கால்பந்து கை கொடுக்காவிட்டால் பல் மருத்துவக் கருவிகள் விற்கும் வேலைக்குப் போயிருப்பேன் என்று பிற்பாடு பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். அந்த வேலைக்கும் இந்த வாழ்க்கைக்கும் நடுவே இருந்தது அந்த ஒரு வார இறுதிதான். எனக்கு இது இன்றைக்கும் கொஞ்சம் பயமாகவே இருக்கிறது.

கோடை முடிவில் 53 பேர் பட்டியலில் இடமில்லை. கழற்றிவிட்டு உடனே பிராக்டிஸ் ஸ்குவாடில் சேர்த்துக்கொண்டார்கள். அதாவது தினமும் பயிற்சி உண்டு, ஆட்டத்தில் இறங்க முடியாது. அந்த வருடம் அணிக்கு எட்டே பேர்தான் அப்படி இருக்கலாம். வாரத்துக்குக் குறைந்தபட்சம் 6,000 டாலர். எந்தச் செவ்வாய்க்கிழமையும் கூப்பிட்டு "போய்வா" என்று சொல்லலாம். வெளியிலிருந்து பார்த்தால் நல்ல காசுதானே என்று தோன்றும். 53 பேரில் ஒருவராக இருந்தால் புதுமுகத்துக்கே ஆண்டுக்குக் குறைந்தது 4,05,000 டாலர் என்பதைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் அந்தக் கோடு எவ்வளவு கனமானது என்று புரியும்.

ஒரு பிராக்டிஸ் ஸ்குவாட் ரிசீவரின் வாரம் எப்படிப் போகும்? ஞாயிறு எதிரே வரப்போகும் அணியின் ரிசீவராக நடிப்பதுதான் அவர் வேலை. பயிற்சியாளர் ஓர் அட்டையைக் காட்டுவார். அதில் எதிரணி ஆடும் ஆட்டமுறை வரைந்திருக்கும். அதைப் பார்த்து அப்படியே ஓட வேண்டும், சொந்த அணியின் தடுப்பாட்டக்காரர்கள் பழகிக்கொள்வதற்காக. தன் அணியின் ஆட்டமுறையையும் தனியாகப் படித்து வைத்திருக்க வேண்டும், யாருக்காவது அடிபட்டால் அடுத்த நாளே இறங்க வேண்டி வரலாம். தீலன் ஒரு சீசன் முழுக்க இதைச் செய்தார். சீசன் முடிந்ததும் தலைமைப் பயிற்சியாளர் லெஸ்லி ஃப்ரேஸியரை நீக்கிவிட்டார்கள். 2014-இல் மைக் ஸிம்மர் வந்தார். பழைய பயிற்சியாளர் மனதில் சம்பாதித்த நல்ல பெயர் அதோடு போயிற்று, மறுபடி முதலிலிருந்து.

அங்கேதான் ஸ்பெஷல் டீம்ஸ், அதாவது பந்தை உதைக்கும் நேரத்தில் மட்டும் இறங்கும் குழு, வருகிறது. நான் மேலே சொன்ன அந்த வேறு வேலை இதுதான்.

வைக்கிங்ஸ் அணி 1966 முதல் 2017 வரை கோடை முகாமை மான்கேட்டோவில், தீலன் படித்த அதே பல்கலைக்கழகத்தில்தான் நடத்தியது. பொதுமக்கள் போய்ப் பார்க்கலாம், நானும் போயிருக்கிறேன். குவார்ட்டர்பேக் பந்து எறியும் நேரத்தில் கம்பி வேலியோரம் கூட்டம் நெருக்கியடிக்கும். பண்ட் பயிற்சி என்று விசில் ஊதினால் பாதிக் கூட்டம் எலுமிச்சைச் சாறு வாங்கப் போய்விடும். அந்த நேரத்தில் வேலியோரம் நின்றவர்களுக்குத்தான் டிராஃப்டில் பெயர் வராதவர்களின் நிஜமான தேர்வு தெரியும். பண்ட் என்றால், மூன்று முயற்சியிலும் போதிய தூரம் முன்னேறாத அணி நான்காவதில் பந்தை உயரமாக உதைத்து எதிரணிக்குக் கொடுத்துவிடுவது. உதைத்த பந்து ஆகாயத்தில் இருப்பது நாலைந்து விநாடி. அதற்குள் ஓரக்கோட்டில் நிற்கும் ஆள் நாற்பது ஐம்பது கெஜம் ஓடிப்போய், பந்தைப் பிடிக்கிறவனை அங்கேயே மடக்க வேண்டும். அப்படி ஓடுகிறவனைத் தடுக்கச் சில சமயம் இரண்டு பேர் நிற்பார்கள். தோளைப் பிடித்துத் தள்ளுவார்கள், கோட்டுக்கு வெளியே விரட்டுவார்கள். இதில் புள்ளி கிடையாது, பெயர் கிடையாது. கல்லூரியில் நட்சத்திரமாக இருந்த ரிசீவர்கள் பலர் இதற்கு மனமில்லாமல்தான் ஓடுவார்கள், அந்த மனமின்மை காலில் தெரிந்துவிடும்.

அணி நிர்வாகத்தின் பக்கம் நின்று பார்த்தால் கணக்கு எளிது. ஐந்தாவது, ஆறாவது ரிசீவருக்கு ஆட்டத்தில் பந்து வரப்போவதே இல்லை. அந்த இடத்தில் வைத்துக்கொள்ளும் ஆள் பண்ட், கிக்காஃப் (ஆட்டத்தைத் தொடங்கப் பந்தை உதைப்பது) எல்லாவற்றிலும் ஓடுகிறவனாக இருந்தால்தான் அந்த இடம் வீணாகாது. ஆகவே டிராஃப்டில் பெயர் வராத ரிசீவர் முதலில் நல்ல மடக்குபவன் என்று பெயர் வாங்க வேண்டும், அப்புறம்தான் ரிசீவர்.

2014 நவம்பர் 30, கரோலினா பாந்தர்ஸுக்கு எதிரான ஆட்டம். எதிரணி பண்ட் உதைக்கிறது. தீலன் தடுப்பைத் தாண்டிப் புகுந்து, உதைத்த பந்தைத் தட்டி, தானே எடுத்து 30 கெஜம் ஓடி, எதிரணியின் எல்லைக்குள் கொண்டுபோய் டச்டவுன் வைத்தார். என்.எஃப்.எல்.-இல் அவருடைய முதல் டச்டவுன் அதுதான், ரிசீவராக அல்ல. ரிசீவராக முதல் டச்டவுன் அந்த சீசனின் கடைசி ஆட்டத்தில், சிகாகோவுக்கு எதிராக, டெடி பிரிட்ஜ்வாட்டர் எறிந்த 44 கெஜப் பந்தில் வந்தது. அந்த சீசன் முழுக்க அவர் பிடித்தது எட்டுப் பந்து. அடுத்த சீசனில் பன்னிரண்டு. கல்லூரி முடித்து மூன்று வருடம், மொத்தம் இருபது பந்து! இந்த இடத்தில் பெரும்பாலான பேரின் கதை முடிந்துவிடும்.

இப்போது உங்கள் கேள்வியின் இரண்டாம் பாதிக்கு வருகிறேன், எதில் குறைந்தவர்கள் என்பதற்கு. 2016-இல் வைக்கிங்ஸ் மறுபடி முதல் சுற்றில், 23-ஆவது ஆளாக, இன்னொரு ரிசீவரை எடுத்தது: லக்குவான் ட்ரெட்வெல். அந்த சீசனில் ட்ரெட்வெல் பிடித்தது ஒரே ஒரு பந்து, அதில் முன்னேறிய தூரம் 15 கெஜம். தீலன் 69 பந்து, 967 கெஜம். கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் கிரீன் பே மைதானத்தில் ஒரே ஆட்டத்தில் 12 பந்து, 202 கெஜம். ட்ரெட்வெல்லைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. புது ஆளுக்கு நேரம் பிடிக்கும், அவருக்கு அந்த நேரத்தை அணி கொடுத்தது, அடுத்தடுத்த சீசன்களிலும் வைத்துக்கொண்டு முயன்று பார்த்தது. முதல் சுற்றில் எடுத்தவனைக் கைவிட்டால் எடுத்தவரின் முடிவு தப்பு என்று ஆகிவிடும், போட்ட பணமும் போய்விடும். தீலன் 2014-இல் இரண்டு பந்தைக் கைநழுவ விட்டிருந்தால், அவரை அனுப்பிவிடுவதில் யாருக்கும் எந்த நஷ்டமும் இல்லை. என் கருத்தில் இரு தரப்புக்கும் உள்ள பெரிய வித்தியாசம் திறமையில் இல்லை, எத்தனை தவறு செய்ய அனுமதி உண்டு என்பதில்தான் இருக்கிறது.

பாட்டர்சனையும் சொல்லிவிட வேண்டும். ரிசீவராக எதிர்பார்த்த அளவு வரவில்லை என்றாலும், கிக்காஃப் பந்தைத் திருப்பி ஓடுவதில் ஒன்பது டச்டவுன் வைத்து என்.எஃப்.எல். சாதனை படைத்தவர் அவர். முதல் சுற்றுக்காரரும் கடைசியில் ஸ்பெஷல் டீம்ஸில்தான் பெயர் வாங்கினார் என்பது எனக்குப் பிடித்த விஷயம்.

தீலனின் ஆட்டத்தில் எனக்கு மிகவும் பிடித்தது அவர் பாதையை ஓடும் விதம். ரிசீவர் ஓடும் பாதைகள் எல்லாம் முன்கூட்டியே தீர்மானித்தவை: பத்து கெஜம் ஓடி உள்ளே திரும்பு, பன்னிரண்டு ஓடி வெளியே திரும்பு, நேரே ஓடு. எதிரே நிற்கிறவன் இடுப்பைப் பார்த்துத்தான் இவன் எந்தப் பக்கம் திரும்புவான் என்று ஊகிப்பான். தீலனின் முதல் ஆறேழு அடி எந்தப் பாதைக்கும் ஒரே மாதிரி இருக்கும். நேரே ஓடப்போகிறவன் போலவே வந்து, காலடியில் ஒரு சிறு அழுத்தம், அவ்வளவுதான், எதிராளி ஒரு எட்டு பின்னால் இருப்பான். அந்த ஒரு எட்டு போதும். கோட்டோரம் இரண்டு கால் நுனியையும் உள்ளே ஊன்றிக்கொண்டு உடம்பை வெளியே சாய்த்துப் பிடிப்பதில் அந்த நாட்களில் அவரைவிடச் சிறந்தவர்கள் ரொம்பக் கொஞ்சம் பேர்தான்.

2017-இல் 91 பந்து, 1,276 கெஜம், முதல் புரோ பவுல் (சீசனின் சிறந்த வீரர்களுக்கான நட்சத்திர ஆட்டம்) தேர்வு. அந்த சீசனில் பெரும்பகுதி அவருக்குப் பந்து எறிந்த கேஸ் கீனமும் டிராஃப்டில் எடுக்கப்படாதவர்தான். எறிந்தவரும் பிடித்தவரும் யாரும் வேண்டாம் என்றவர்கள், அணி 13 ஆட்டம் ஜெயித்தது. 2018-இல் சீசனின் முதல் எட்டு ஆட்டத்திலும் தலா 100 கெஜத்துக்குக் குறையவில்லை. தொடர்ந்து எட்டு என்பது கால்வின் ஜான்சன் வைத்திருந்த சாதனைக்குச் சமம், ஜான்சன் டிராஃப்டில் இரண்டாவது ஆளாக எடுக்கப்பட்டவர். அந்த சீசன் 113 பந்து, 1,373 கெஜத்தில் முடிந்தது. 2019-இல் நாலு வருடத்துக்கு 64 மில்லியன் டாலர் ஒப்பந்த நீட்டிப்பு.

மீதியைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 2020-இல் 14 டச்டவுன். 2023-இல் மினசோட்டா விடுவித்தது, கரோலினாவுக்குப் போனார். அந்த அணி அந்த சீசனில் ஜெயித்ததே இரண்டு ஆட்டம். அதிலும் 33 வயதில் 103 பந்து, 1,014 கெஜம். 2025 ஆகஸ்டில் மினசோட்டா அவரைத் திரும்ப வாங்கியது. வாய்ப்பு அதிகம் வரவில்லை, சீசன் முடியும் முன்பே பிட்ஸ்பர்க் அணிக்குப் போனார்.

இவர் ஒருவர்தானா என்றால் இல்லை. டென்வரின் ராட் ஸ்மித் 1994 டிராஃப்டில் எடுக்கப்படாதவர். மறு வருடம் என்.எஃப்.எல்.-இல் அவர் பிடித்த முதல் பந்தே ஆட்டத்தின் கடைசி முயற்சியில் ஜான் எல்வே எறிந்த 43 கெஜ டச்டவுன், வாஷிங்டனைத் தோற்கடித்தது அதுதான். இரண்டு சூப்பர் பவுல் (என்.எஃப்.எல். இறுதிப் போட்டி) கோப்பை, 849 பந்து, 11,389 கெஜம். டிராஃப்டில் வராத ஒருவர் 10,000 கெஜத்தைத் தாண்டியது அதுவே முதல் முறை. வெஸ் வெல்கரை 2004-இல் சான் டியாகோ ஒரே ஆட்டத்தோடு அனுப்பிவிட்டது. மியாமியில் பந்தைத் திருப்பி ஓடும் வேலை செய்து, நியூ இங்கிலாந்து போய், மொத்தம் 903 பந்து பிடித்தார். டாலஸின் ட்ரூ பியர்சன் 1973-இல் எடுக்கப்படாதவர், 2021-இல் புகழ் மண்டபத்தில் சேர்ந்தார்.

ஆனால் ஒன்றை மறைக்கக் கூடாது. தீலனோடு அதே முகாமில் ஓடியவர்களின் பெயர் நமக்குத் தெரியாது. அவர்களும் உழைக்காதவர்கள் அல்ல. ஒரு வாரம் தசைப்பிடிப்பு, ஒரு பயிற்சியாளர் மாற்றம், அதே இடத்துக்கு இன்னொரு ஆள், இவற்றில் ஏதோ ஒன்று போதும். உழைத்தால் நிச்சயம் வரலாம் என்று உங்களுக்கு நான் சொல்ல மாட்டேன், அது உண்மையில்லை. இவ்வளவு நெருக்கடியிலும் வந்தவர்கள் எந்த வாசல் வழியாக வந்தார்கள் என்றுதான் சொல்ல முடியும்.

பார்க்க விரும்பினால் 2014 கரோலினா ஆட்டத்தின் அந்த பண்ட்டையும், 2016 டிசம்பர் 24 கிரீன் பே ஆட்டத்தையும் அடுத்தடுத்துப் பாருங்கள். இனி ஆகஸ்டில் நடக்கும் பயிற்சி ஆட்டங்களைப் பார்த்தால் நான்காவது கால்பகுதி வரை அணைத்துவிடாமல் இருங்கள். பண்ட் உதைக்கும்போது பந்தை விட்டுவிட்டு ஓரக்கோட்டில் ஓடுகிறவனின் எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள்.