போரையும் அதில் உயிர்பிழைத்தவர்களையும் பற்றித் தமிழில் படிக்க எந்த நூலில் தொடங்கலாம்?

நீங்கள் இரண்டு செய்திகளைக் கேட்டிருக்கிறீர்கள். போர், உயிர்பிழைத்தல், போருக்குப் பிந்தைய வாழ்க்கை ஆகியவற்றைத் தமிழில் படிக்க எந்த நூலில் தொடங்கலாம் என்பது ஒன்று. படித்தால் மனம் தாங்குமா என்பது மற்றொன்று. முதல் கேள்விக்கு என் விடை, ப. சிங்காரத்தின் 'கடலுக்கு அப்பால்'. ஏன் அந்த நூல் என்று சொல்ல வேண்டுமானால் எங்கள் வீட்டுக் கதையை முதலில் சொல்ல வேண்டும்.

நான் பெங்களூரு அல்சூரில் பிறந்து வளர்ந்தவள். என் அம்மாவின் அப்பா மெட்ராஸ் சாப்பர்ஸ் படைப்பிரிவில் இருந்தவர். அந்தப் பிரிவின் தலைமையிடம் இன்றும் அல்சூர் ஏரியை ஒட்டித்தான் இருக்கிறது; பாலம் கட்டுவது, பாதை போடுவது, கண்ணிவெடி அகற்றுவது ஆகியவை அவர்கள் வேலை. படையில் அவர்களைத் 'தம்பி' என்றே அழைப்பார்கள். தாத்தா இரண்டாம் உலகப் போரில் இத்தாலியில் இருந்தார் என்பதற்கு மேல் எங்களுக்கு ஒன்றும் தெரியாது, அவரும் சொன்னதில்லை. ஆனால் தெருவில் நடக்கும்போது எதிரே வருகிறவர் முகத்தைப் பார்க்காமல், இரண்டடி முன்னால் இருக்கும் தரையைப் பார்த்தே நடப்பார். குழாய் போடுவதற்காகத் தோண்டி மூடிய இடமாக இருந்தாலும் சரி, மண் புதிதாகக் கிளறியிருந்தால் என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு தெருவின் மறுபக்கம் போய்ச் சுற்றித்தான் வருவார். "வயசாயிடுச்சு, கால் தடுக்கும்னு பயம்" என்று பாட்டி சொல்வார். நாங்களும் அப்படியே நம்பினோம்.

தாத்தா மறைந்து பல ஆண்டுகளுக்குப் பிறகுதான் சுபேதார் சுப்பிரமணியனைப் பற்றிப் படித்தேன். அவரும் மெட்ராஸ் சாப்பர்ஸ் பிரிவைச் சேர்ந்தவர். 1944-இல் இத்தாலியில், வெடிக்கவிருந்த கண்ணிவெடியின் மேல் தன் உடலையே போட்டு, உடனிருந்தவர்களைக் காப்பாற்றி உயிர்விட்டவர்; மறைவுக்குப் பின் அவருக்குப் பிரிட்டனின் உயரிய வீர விருதுகளில் ஒன்றான ஜார்ஜ் கிராஸ் வழங்கப்பட்டது. அந்தச் சில வரிகளைப் படித்தபோது, என் கையை இழுத்துக்கொண்டு தெருவைச் சுற்றிய அந்தப் பெரியவர் எந்த மண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்பது எனக்கு விளங்கியது. அந்த நேரத்தில் அழுதேன் என்பதை மறைக்க வேண்டியதில்லை.

படைப்பிரிவுகளின் வரலாறுகள் பெரும்பாலும் அதிகாரிகள் ஆங்கிலத்தில் எழுதியவை. எந்த ஆற்றின் குறுக்கே எந்த அணி பாலம் போட்டது என்பது அவற்றில் இருக்கும். ஊர் திரும்பிய தம்பி அதற்குப் பிறகு நாற்பது ஆண்டுகள் தெருவில் எப்படி நடந்தான் என்பது இருக்காது. அதனால் போரைப் பற்றிய எந்த நூலைக் கையில் எடுத்தாலும், சண்டை ஓய்ந்த பிறகு வரும் நாட்களுக்கு அதில் எவ்வளவு இடம் இருக்கிறது என்பதைத்தான் நான் முதலில் பார்க்கிறேன். தளபதிகளின் வீர நினைவுகளை இந்த அளவுகோலில் வைத்தால் பல நூல்கள் நிற்பதில்லை. 'கடலுக்கு அப்பால்' நிற்கிறது.

சிங்காரம் சிவகங்கைப் பக்கம் சிங்கம்புணரியில் 1920-இல் பிறந்து, இளம் வயதிலேயே சுமத்ராவின் மேடான் நகருக்குக் கடை வேலைக்குப் போனவர். ஜப்பானியர் ஆட்சியையும் போரின் முடிவையும் அங்கேயே பார்த்துவிட்டு ஊர் திரும்பி, மதுரையில் தினத்தந்தி நாளிதழில் வேலை செய்தவர். அவர் எழுதிய நாவல்கள் இரண்டே இரண்டு. 1959-இல் வந்த 'கடலுக்கு அப்பால்' நாவலின் செல்லையா, பினாங்கில் ஒரு வட்டிக்கடையில் வேலை பார்த்த பையன். இந்திய தேசிய ராணுவத்தில் சேர்ந்து, ஜப்பான் சரணடைந்த பிறகு அதே கடைக்குத் திரும்புகிறான். முதலாளியின் மகள் மரகதத்தை அவனுக்குக் கட்டிக்கொடுப்பது என்பது முன்பே ஏறத்தாழ முடிவாகியிருந்த செய்தி. ஆனால் இப்போது முதலாளிக்கு மனம் ஒப்பவில்லை. துப்பாக்கி பிடித்த கை கணக்கெழுத உதவாது, பட்டாளத்தான் ஆகிவிட்டவன் கடைக்காரனாகத் திரும்ப முடியாது என்பது அவர் எண்ணம். அவர் கொடியவரும் அல்லர். தம் தொழிலுக்குரிய பணிவையும் நிதானத்தையும் அறிந்த, தம் வகையில் நேர்மையான மனிதர். அதனால்தான் அந்த மறுப்பு அவ்வளவு வலிக்கிறது. போர்க்களத்தில் சாகாத ஒருவன் கடை வாசலில் எதை இழக்கிறான் என்பதை இவ்வளவு அடங்கிய குரலில் சொன்ன வேறொரு தமிழ் நாவலை நான் படித்ததில்லை.

அவருடைய மற்ற நாவலான 'புயலிலே ஒரு தோணி' பதிப்பாளர் கிடைக்காமல் ஆண்டுக்கணக்கில் கிடந்து 1972-இல்தான் வெளிவந்தது. இலக்கியமாகப் பார்த்தால் அதுவே பெரிய படைப்பு. மேடானுக்குள் ஜப்பானியப் படை நுழைவதில் தொடங்கி, கடல்களையும் துறைமுகங்களையும் கடந்து செல்லும் அந்தக் கதைக்குள், மதுரைத் தெருக்களின் நினைவு ஓயாமல் வந்து மோதுகிறது. ஆனால் அதன் நடைக்குப் பழக்கம் தேவை. முதல் நூலாக அதை எடுத்து நாற்பதாம் பக்கத்தில் கைவிட்ட நண்பர்கள் எனக்கு உண்டு, எனவே அதை இரண்டாவதாக வைத்துக்கொள்ளுங்கள்.

அதே போரில், தாத்தா இத்தாலியில் மண்ணைத் துழாவுவதற்குச் சற்று முன், மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழர்கள் சயாம் (இன்றைய தாய்லாந்து) காட்டில் மரம் வெட்டிக்கொண்டிருந்தார்கள். சயாமையும் பர்மாவையும் இணைக்க ஜப்பானியர் 1942-43-இல் போட்ட 415 கிலோமீட்டர் ரயில் பாதை அது. அதில் வேலை செய்த நேச நாட்டுப் போர்க்கைதிகள் 60,000 பேருக்கு மேல். அவர்களில் 12,000 பேருக்கு மேல் இறந்தார்கள். ஆசியத் தொழிலாளர்கள் இரண்டு லட்சத்துக்கும் மேல் என்றும், அவர்களில் 90,000 பேர் வரை இறந்திருக்கலாம் என்றும் மதிப்பிடுகிறார்கள். இந்த இரண்டாவது கணக்கு ஏன் மதிப்பீடாகவே நிற்கிறது என்பதை யோசித்துப் பாருங்கள். போர்க்கைதிகளுக்குச் சொந்த அதிகாரிகள் இருந்தார்கள், மருத்துவர்கள் இருந்தார்கள், யார் எந்த நாளில் இறந்தார் என்று ரகசியமாகவாவது குறித்துவைக்க ஆள் இருந்தது. தோட்டத் தமிழனுக்கு அப்படி ஒருவரும் இல்லை. காலரா ஒரு முகாமைத் துடைத்துவிட்டுப் போனால், அந்த முகாமில் யார் யார் இருந்தார்கள் என்று சொல்லவும் ஆள் மிஞ்சவில்லை. தாய்லாந்தின் காஞ்சனபுரியில் உள்ள போர்க் கல்லறைத் தோட்டத்தில் ஏறத்தாழ 7,000 கல்லறைகள் வரிசையாகப் பராமரிக்கப்படுகின்றன. அங்கே படுத்திருப்பவர்கள் போர்க்கைதிகள். நம்மவர்களுக்கு அப்படியொரு வரிசை இல்லை.

கைதிகளாக இருந்த வெள்ளையர்கள் பின்னாளில் நினைவுக் குறிப்புகளை நிறைய எழுதினார்கள். எழுதப் படிக்க வாய்ப்பில்லாத நம் மக்களின் தரப்பு அடுத்த தலைமுறையின் வழியாகத்தான் வர வேண்டியிருந்தது. மலேசிய எழுத்தாளர் ஆர். சண்முகம் எழுதிய 'சயாம் மரண ரயில்' அந்த வகையில் மிக முக்கியமான நாவல். கலையழகில் சிங்காரத்தோடு அதை ஒப்பிட மாட்டேன். ஆனால் பெயர்ப் பட்டியலே இல்லாத ஒரு சாவுக்கு அது சாட்சி சொல்கிறது, அதற்காகவே படிக்க வேண்டும்.

இங்கே புறநானூற்றின் 112-ஆம் பாடலையும் சொல்லிவிடுகிறேன். பாரியின் மகளிர் பாடிய ஐந்தே அடிகள். போன மாதத்து நிலவில் தந்தையும் இருந்தார், குன்றும் எங்களிடம் இருந்தது. இந்த மாதத்து நிலவில் குன்றை வேந்தர் கொண்டுவிட்டார், தந்தையும் இல்லை. வாள் இல்லை, குருதி இல்லை, பகைவரைப் பழிக்கும் ஒரு சொல்கூட இல்லை. பள்ளியில் மனப்பாடச் செய்யுளாக இதைக் கடந்துவிடுகிறோம். ஈழத்து எழுத்துகளைப் படித்த பிறகு திரும்பிப் போய்ப் படித்தால், உயிர்பிழைத்தவர்கள் காலத்தை எண்ணும் முறை இன்றும் இதுவாகவே இருப்பது தெரியும்: அதற்கு முன், அதற்குப் பின்.

ஈழத்துப் போரைப் பற்றிய நூல்கள் ஏராளம், அவற்றில் மூன்றை மட்டும் சொல்கிறேன். சிவரமணியின் கவிதைகள் முதலாவது. 1968-இல் பிறந்து 1991-இல் தம் கவிதைகளை எரித்துவிட்டு உயிரை மாய்த்துக்கொண்டவர் அவர். எஞ்சியவை ஒரே மாலையில் படித்து முடித்துவிடக்கூடிய அளவுதான். போர்க்கால இரவு குழந்தைகளை எப்படி வளர்ந்தவர்களாக்கிவிடுகிறது என்று அவர் எழுதிய கவிதையைப் படித்த பிறகு, பொம்மைத் துப்பாக்கி விற்கும் கடையை என்னால் இயல்பாகக் கடக்க முடியவில்லை. இரண்டாவது, தொ. பத்தினாதனின் 'போரின் மறுபக்கம்'. இளம் வயதில் அகதியாக இந்தியா வந்து தமிழ்நாட்டு முகாம்களில் வாழ்ந்தவரின் அனுபவம் அது. குண்டு விழாத இடத்துக்கு வந்துவிட்டாலே போர் முடிந்துவிடும் என்று நினைக்கும் நம்மைப் போன்றவர்கள், முகாமில் ஒரு மனிதன் பதிவுக்கும் தணிக்கைக்கும் அனுமதிக்கும் காத்துக்கிடந்து இளமையை எப்படிக் கழிக்கிறான் என்பதை அவசியம் படிக்க வேண்டும். அதில் வரும் முகாம்கள் நம் மண்ணில் இருப்பவை.

மூன்றாவது, தமிழினியின் 'ஒரு கூர்வாளின் நிழலில்'. விடுதலைப் புலிகள் இயக்கத்தின் மகளிர் அரசியல் பிரிவுக்குப் பொறுப்பாக இருந்தவர். 2009-இல் போர் முடிந்த பிறகு சிறையிலும் புனர்வாழ்வு முகாமிலும் இருந்து வெளிவந்தார். 2015-இல் புற்றுநோயால் மறைந்தார். நூல் அதற்கடுத்த ஆண்டு வெளிவந்தது. அதைப் பற்றிக் கடுமையான விவாதங்கள் நடந்தன, அவர் எழுதியது முழுவதும் அவருடையதுதானா என்றுகூடச் சிலர் கேட்டார்கள். ஒரு தரப்பின் முழு உண்மையாக அல்லாமல், தான் நம்பியதைத் தானே விசாரணைக்கு உட்படுத்தும் ஒரு பெண்ணின் குரலாக அதைப் படித்தேன். அப்படிப் படித்தால் அது மிகத் துணிவான நூல்.

உங்கள் இரண்டாவது கேள்விக்கு இந்த நூலை வைத்தே விடை சொல்ல முடியும். அல்சூரில் நாங்கள் ஆறேழு பேர் ஞாயிற்றுக்கிழமைகளில் ஒருவர் வீட்டில் கூடி ஒரு நூலை உரக்கப் படிப்பது வழக்கம். தமிழினியின் நூலை எடுத்தபோது, குழந்தையாக யாழ்ப்பாணத்திலிருந்து வந்து இப்போது இந்த ஊரில் ஆசிரியையாக இருக்கும் ஓர் அக்காவும் எங்களோடு இருந்தார். இறுதிப் போரின் பகுதி வந்ததும் அவர் எழுந்து சமையலறைக்குப் போய்விட்டார். நாங்கள் படிப்பதை நிறுத்தினோம். சற்று நேரம் கழித்து எல்லோருக்கும் தேநீரோடு வந்து, "எங்கட வீட்டில இதைப் பற்றி ஒருத்தரும் கதைக்கிறேல்ல. அம்மா இண்டைக்கும் ரேடியோவில செய்தி வந்தா நிப்பாட்டிப்போடுவா" என்று மட்டும் சொன்னார். அன்று மேற்கொண்டு படிக்கவில்லை. அதற்குப் பின் மூன்று மாதம் அவர் வரவில்லை, நாங்களும் வற்புறுத்தவில்லை. பிறகு ஒரு ஞாயிறு வந்து, நாங்கள் விட்ட இடத்திலிருந்து தாமே படிக்கத் தொடங்கினார். இடையில் இரண்டு முறை நிறுத்தினார், தண்ணீர் குடித்தார், தொடர்ந்தார்.

ஆகவே ஒரே மூச்சில் படிக்காதீர்கள். ஒரு நூலுக்கும் அடுத்ததற்கும் இடையே சில வாரங்கள் விடுங்கள். முடிந்தால் இன்னொருவரோடு சேர்ந்து படியுங்கள், அந்த அறையில் இதை உண்மையிலேயே கடந்துவந்தவர் ஒருவர் இருக்கக்கூடும் என்ற நினைவோடு குரலைத் தணித்துப் படியுங்கள். உங்கள் வீட்டிலும் போரைப் பார்த்த பெரியவர் யாராவது இன்னும் இருந்தால், எந்தப் புத்தகத்தையும் தொடுவதற்கு முன் ஒரு மாலை நேரத்தில் அவர் பக்கத்தில் போய் உட்காருங்கள். எனக்கு அந்த மாலைகள் நிறையக் கிடைத்திருந்தன. நான் தாத்தாவிடம் ஒன்றுமே கேட்கவில்லை.