பாறை ஓவியம் பார்க்கப் போகிறவர்களுக்கு: வாசகர் கேள்வி பதில்

ஆஸ்திரேலியாவின் வடகோடியில், டார்வினுக்குக் கிழக்கே ககாடு தேசியப் பூங்கா இருக்கிறது. அதை ஒட்டி, ஆற்றுக்கு அக்கரையில் ஆர்னம் லேண்ட். பூர்வகுடி மக்களின் பாறை ஓவியங்களுக்கு இரண்டுமே பேர்போனவை: ககாடுவில் உபிர், ஆர்னம் லேண்டில் இஞ்சலாக். விடுமுறைக்கு அங்கே போகத் திட்டமிடும் வாசகர்களிடமிருந்து வந்த கேள்விகள் இந்த இதழில்.

ஜூலையில் டார்வின் போகிறோம். ஓவியம் பார்க்கக் கையில் ஒரே ஒரு நாள்தான். உபிர், இஞ்சலாக் இரண்டில் எதற்குப் போகலாம்?
– வாசகி, சிட்னி

டார்வினில் தூங்கி எழுந்து, இருட்டுமுன் டார்வினுக்கே திரும்புவதென்றால் உபிர். டார்வினிலிருந்து, பூங்காவுக்குள் இருக்கும் சிற்றூரான ஜபிரு 250 கிலோமீட்டர், மூன்று மணி நேரம். அங்கிருந்து உபிர் இன்னும் 40 கிலோமீட்டர், கடைசிவரை தார்ச்சாலை. ஓவியக்கூடங்களைச் சுற்றிவரும் பாதை ஒரு கிலோமீட்டர்தான். வறண்ட பருவத்தில் பூங்கா ரேஞ்சர்கள் ஓவியத்தின் முன்னாலேயே நின்று விளக்கம் சொல்வார்கள். அதற்குத் தனிக் கட்டணம் கிடையாது. அன்றைய நேரப் பட்டியலைப் பூங்காவின் தகவல் மையத்தில் கேட்டுக்கொண்டு போங்கள்.

ஜபிருவில் முந்தின இரவு தங்க முடியுமென்றால் பதிலை மாற்றிச் சொல்வோம்: இஞ்சலாக். ஆர்னம் லேண்டில் குன்பலான்யா ஊரை ஒட்டிய குன்று அது. ஊர்மக்களுக்கே சொந்தமான இஞ்சலாக் கலைமையம் 1989 முதல் அங்கே நடக்கிறது. வழிகாட்டியும் அந்த மண்ணின் ஆள்தான். ‘இதை என் தாத்தா வரைந்தார்’ என்று சொல்லக்கூடியவர் பக்கத்தில் நிற்பதற்கும், பலகையில் எழுதியதைப் படிப்பதற்கும் உள்ள தூரம் அதிகம். நடை காலை ஒன்பது மணியளவில் தொடங்கும், மூன்று மணி நேரம் பிடிக்கும். ஞாயிற்றுக்கிழமையில் வைத்துக்கொள்ளாதீர்கள்.

எதற்குப் போனாலும் சரி, மாலை உபிர் பாறைமேல் சூரியன் மறைவதைப் பார்த்துவிட்டு அப்படியே டார்வினுக்கு வண்டி ஓட்டும் யோசனை வேண்டாம். இருட்டினால் சாலையில் வாலபிகளும் (சிறிய கங்காரு வகை) காட்டெருமைகளும் நிற்கும். ஊருக்கு வெளியே இரவில் ஓட்டக்கூடாது என்று பல வாடகை வண்டி ஒப்பந்தங்களிலேயே எழுதியிருக்கும்.

அனுமதிச் சீட்டு வேண்டும் என்கிறார்கள். பூங்காவுக்குக் கட்டிய பணம் போதாதா?
– வாசகர், மெல்பர்ன்

போதாது. பூங்காச் சீட்டு ககாடுவுக்கு மட்டும்தான். ஆற்றைத் தாண்டினால் ஆர்னம் லேண்ட், 1976ஆம் ஆண்டின் நில உரிமைச் சட்டப்படி பூர்வகுடி மக்களுக்குச் சொந்தமான நிலம். ஒருவர் வீட்டுக்குள் போகுமுன் கேட்டுவிட்டுப் போவது போலத்தான் இதுவும். அனுமதி தருவது நார்தர்ன் லேண்ட் கவுன்சில். போகிறவர்கள் பெயர், தேதி, போகும் காரணம், வண்டி எண் எல்லாம் விண்ணப்பத்தில் கேட்பார்கள். இரண்டு வாரம் முன்னதாகவே அனுப்பிவிடுங்கள். சுற்றுலா நிறுவனம் வழியாகப் போனால் பெரும்பாலும் அவர்களே வாங்கிவிடுவார்கள், ஆனாலும் பணம் கட்டுமுன் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

முதலில் நடைக்கு முன்பதிவு, பிறகு அனுமதி, கடைசியாக அறை. வரிசை மாறினால் அறைக்குக் கட்டிய காசு போகும். ஊரில் சாவு விழுந்தாலோ சடங்கு இருந்தாலோ நடை நிற்கும், ஊரையே மூடுவதும் உண்டு. அதற்குக் கோபித்துக்கொள்ள முடியாது. அன்றைக்கு உபிருக்குப் போய்விடுங்கள்.

அனுமதி இருந்தாலும் மது கொண்டு போகக்கூடாது. வண்டியின் பின்பெட்டியில் மறந்துபோன ஒரு பீர் புட்டிகூட வம்புதான்.

வாடகைக்கு எடுத்த காரில் ஆற்றைக் கடக்கலாமா?
– வாசகர், சிங்கப்பூர்

கூடாது. அந்த இடத்துக்குப் பெயர் கேஹில்ஸ் கிராசிங். ஈஸ்ட் அலிகேட்டர் ஆற்றின் குறுக்கே போட்ட தாழ்வான கான்கிரீட் தளம் அது, பாலம் இல்லை. (அலிகேட்டர் ஒன்றுகூட அங்கே இல்லை. பெயர் வைத்த வெள்ளைக்காரர் முதலையைத் தவறாக அடையாளம் கண்டதன் விளைவு.) நாலு சக்கரமும் இழுக்கும் உயரமான வண்டி வேண்டும். வாடகை வண்டிக் காப்பீட்டில் தண்ணீரால் வரும் சேதம் பெரும்பாலும் சேராது.

கடல் தொலைவில் இருந்தாலும் இங்கே ஓதம் (கடல்நீரின் ஏற்ற இறக்கம்) ஏறும். மழையே இல்லாத ஆகஸ்டிலும் தளத்தின்மேல் தண்ணீர் புரண்டு ஓடும். வண்டிகள் அடித்துச் செல்லப்படுவது இந்த நேரத்தில்தான். டார்வினின் ஓத அட்டவணையைப் பார்த்துவிட்டு வந்து நிற்பது வழக்கமான தவறு. ஓதம் ஆற்றில் ஏறி உள்ளே வர நேரம் பிடிப்பதால் கேஹில்ஸில் உச்சம் பல மணி நேரம் பிந்தித்தான் வரும். கேஹில்ஸுக்கென்றே தனி அட்டவணை இருக்கிறது, அதைப் பாருங்கள். போகும் நேரத்துக்கு மட்டும் பார்த்தால் போதாது, திரும்பும் நேரத்துக்கும் பாருங்கள். காலையில் கணுக்கால் அளவு தண்ணீரில் போனவர்கள் மதியம் அக்கரையில் மாட்டிக்கொள்வார்கள்.

ஆழம் எவ்வளவு என்று இறங்கி நடந்து பார்க்கும் பழக்கத்தை மற்ற ஆறுகளோடு விட்டுவிடுங்கள். ஓதத்தோடு வரும் மீனுக்காக உவர்நீர் முதலைகள் அந்தத் தளத்தின் ஓரத்திலேயே காத்துக்கிடக்கும். அங்கே ஆள்கள் இறந்திருக்கிறார்கள். கரையில் நின்று பார்ப்பதென்றாலும் தண்ணீரிலிருந்து ஐந்து மீட்டராவது தள்ளி நில்லுங்கள். சொந்தமாகக் கடக்கத் தயக்கம் என்றால் வழிகாட்டியோடு போகும் வண்டியில் இடம் பிடியுங்கள், காசு கூடினாலும் அதுதான் நல்லது.

படத்தில் பார்த்தால் ஒன்றன்மேல் ஒன்றாகக் கோடுகள். நேரில் எதை, எப்படிப் பார்ப்பது?
– வாசகி, திருச்சி

முதலில் ஒரு மீனைத் தேடுங்கள். அங்கே பாரமுண்டி என்று சொல்லும் மீன் வேறொன்றுமில்லை, நம் கடற்கரையில் விற்கும் கொடுவாதான். உபிரின் முதன்மைக் கூடத்தில் அது வரிசையாக இருக்கும். சந்தையில் மீன் வாங்கிப் பழகியவருக்கு அடையாளம் காட்டவே வேண்டாம்: தலைக்குப் பின்னால் உள்ள பள்ளம், முதுகின் வளைவு, வட்டமாக முடியும் வால்.

பிறகு உள்ளே பாருங்கள். மீனின் தோல் தெரியாது, உள்ளிருப்பது தெரியும். நடுவில் நீளமாக முதுகெலும்பு, அதன் கீழே காற்றுப்பை, ஈரல், குடல். ஊடுகதிர்ப் பாணி என்று இதைச் சொல்கிறார்கள். அறுத்துப் பங்குவைக்கத் தெரிந்தவர் வரைந்த படம் அது. நெருக்கமான குறுக்குக் கோடுகளால் உடலை நிரப்பும் வேலைக்கு அந்தப் பகுதி மக்களின் குன்விஞ்சுகு மொழியில் ராற்க் என்று பெயர். கோரைத் தண்டிலிருந்து மெல்லிய நார் பிரித்து, அதையே தூரிகையாக்கி, ஒரே இழுப்பில் ஒரு கோடு.

அடுத்து நிறம். சிவப்பு, நம் ஊர்க் காவிக்கல்லைப் போன்ற இரும்புக் கல். விழுப்புரம் பக்கம் கீழ்வாலைப் பாறையில் உள்ள செங்காவி உருவங்களைப் பார்த்தவர்களுக்கு இந்தச் சிவப்பு புதிதாக இருக்காது. அது பாறைக்குள் இறங்கிப் பிடித்துக்கொள்ளும். வெள்ளை களிமண் மேலே ஒட்டி நிற்கும், நாளாவட்டத்தில் உதிரும். கரியும் அப்படியே. அதனால் ஒரு சுவரில் மங்கிய சிவப்பு உருவத்தின்மேல் பளிச்சென்ற வெள்ளை மீன் கிடந்தால், அடியில் இருப்பது மூத்தது. அதிலும் ஒருகாலத்தில் வெள்ளை இருந்திருக்கலாம், சிவப்பு மட்டும் தங்கியிருக்கிறது. சுவரோடு நிறுத்தாதீர்கள், தலைக்கு மேலே பாறைக் கூரையையும் பாருங்கள். தரைப்பாறையில் கிண்ணம் போலக் குழி தெரிந்தால் வண்ணக்கல் அரைத்த இடமாக இருக்கும், அதில் கால் வைக்காதீர்கள்.

வயது எவ்வளவு? விளம்பரத்தில் 50,000 ஆண்டு என்கிறார்கள்.
– வாசகர், கோவை

இரண்டு சங்கதிகளைக் குழப்பியிருக்கிறார்கள். ஜபிரு அருகே மஜெட்பெபே என்ற பாறைக்குடையில் நடந்த அகழாய்வு 2017இல் வெளியானது. மனிதர் அங்கே சுமார் 65,000 ஆண்டுகளுக்கு முன் இருந்ததாகவும், காவிக்கல் அரைத்ததாகவும் அது சொல்கிறது. அந்தக் கணக்கில் இன்றும் விவாதம் உண்டு. எப்படியானாலும் அது குடியிருப்பின் வயது, நீங்கள் பார்க்கப்போகும் மீனின் வயது ஆகாது.

காவிக்கல்லில் கரிமம் இல்லை, ஆகவே நேரடியாகக் காலம் கணிக்க வழியில்லை. கரியால் வரைந்தது, மேலே ஒட்டிய தேன்மெழுகு, குளவிக்கூடு இவற்றைப் பிடித்துத்தான் கணக்குப் போடுகிறார்கள். ஆர்னம் லேண்டின் நவர்லா கபார்ன்மாங் குகையில் கிடைத்த, கரியால் வரைந்த ஒரு கல்துண்டு சுமார் 28,000 ஆண்டுப் பழசு.

படத்தில் உள்ள பிராணியும் சாட்சி சொல்லும். உபிரில் உயரத்தில் தைலசின் ஒன்று இருக்கிறது. நாய் போன்ற உடல், முதுகில் வரிகள். அந்த விலங்கு ஆஸ்திரேலியப் பெருநிலத்தில் அற்றுப்போய் 3,000 ஆண்டு ஆகிவிட்டது. கடல் உயர்ந்து ஆறுகளுக்குள் உப்புநீர் வந்த பிறகே கொடுவா நிறைய வருகிறது. படத்தில் துப்பாக்கியோ பாய்க்கப்பலோ இருந்தால் அது நேற்றைய சமாச்சாரம். கடல் அட்டை பிடிக்க இந்தோனேசியாவின் சுலவேசியிலிருந்து வந்த மக்காசர் படகு ஒன்று ஆர்னம் லேண்டின் வெலிங்டன் மலைத்தொடரில் வரைந்திருக்கிறது. அதன் மேலிருந்த மெழுகை வைத்துப் பார்த்தால் 1664க்கு முற்பட்டது. அந்த மக்காசர்கள் கரையில் விட்டுப்போன இன்னொன்று புளியமரம். அவர்கள் தங்கிய கடற்கரைகளில் இன்றும் நிற்கிறது.

நோர்லாஞ்சி என்று பலரும் சொல்லும் புருங்குயில் நீங்கள் காணும் பளிச்சென்ற உருவங்களை நயோம்பொல்மி என்ற ஓவியர் 1964இல் தீட்டினார். பழசின்மேல் மீண்டும் தீட்டுவது அங்கே மரபு. வரைகிற செயலுக்குத்தான் மதிப்பு, படம் பிற்பாடு. ‘அப்படியானால் புதுசுதானே’ என்று முகம் சுளிப்பவர்கள், குடமுழுக்கின்போது கோபுரச் சிற்பங்களுக்கு வண்ணம் பூசுவதை நினைத்துக்கொள்ளலாம்.

அம்மாவுக்கு 70 வயது, முட்டிவலி. அழைத்துப் போகலாமா?
– வாசகி, பிரிஸ்பேன்

இஞ்சலாக்குக்கு வேண்டாம். பாறைக்குப் பாறை தாவ வேண்டிய இடங்கள் உண்டு, பிடித்துக்கொள்ளக் கம்பி கிடையாது, பாதியில் திரும்பினால் துணைக்கு ஒருவர் இறங்க வேண்டும். உபிரின் முதன்மைக் கூடம் வரை பாதை சமமானது. அங்கே அம்மா நிழலில் உட்காரட்டும், நாடப் காட்சிமுனைக்குப் போகும் 250 மீட்டர் ஏற்றத்துக்கு மற்றவர்கள் போய் வாருங்கள். கேஹில்ஸ் அருகிலிருந்து கிளம்பும் குலுயம்பி படகுப் பயணத்திலும் பூர்வகுடி வழிகாட்டியே வருவார், நடை குறைவு.

மே முதல் ஆகஸ்ட் வரை வெயில் தாங்கும். அக்டோபரில் 37, 38 டிகிரி, பாறை அதற்கு மேலும் கொதிக்கும். நடக்கும் ஒவ்வொரு மணிக்கும் ஆளுக்கு ஒரு லிட்டர் தண்ணீர் எடுத்துக்கொள்ளுங்கள். செருப்பு உதவாது, அடிப்பாகம் பிடிக்கும் ஷூ வேண்டும். ஈ மொய்க்காமல் முகத்தை மூடும் வலையை வாங்கிவைத்தால் சிரிப்பாகத்தான் இருக்கும், போட்டால் தெரியும் அருமை.

புகைப்படம் எடுக்கலாமா? தொட்டுப் பார்த்தால் என்ன ஆகும்?
– வாசகர், யாழ்ப்பாணம்

ஒவ்வொரு கூடத்திலும் கேட்டுவிட்டு எடுங்கள். முந்தின இடத்தில் சரி என்றது அடுத்த இடத்துக்குச் செல்லாது. வழிகாட்டியைப் படம் எடுக்கவும் தனியாகக் கேட்க வேண்டும். இறந்தவர்களின் பெயரையும் படத்தையும் வெளிக்காட்டாத வழக்கம் அவர்களுக்கு உண்டு.

தொடவே கூடாது. கையிலுள்ள வியர்வையும் எண்ணெயும் வெள்ளையை முதலில் கெடுக்கும். தொடாமலும் கெடுக்கலாம். காலைத் தேய்த்து நடந்தால் எழும் புழுதி ஓவியத்தின்மேல் படியும். தண்ணீர்தான் பெரிய எதிரி. சில கூடங்களின் நெற்றியில் பாறையோடு ஒட்டிய மெல்லிய சிலிகோன் வரப்பு தெரியும். மழைநீர் ஓவியத்தின்மேல் வழியாமல் ஓரமாகச் சொட்ட வைக்கும் ஏற்பாடு அது. குளவிக்கூடும் கரையான் தடமும் முதுகு தேய்க்கும் காட்டெருமையும் மீதி வேலையைப் பார்க்கும்.

வழிகாட்டி ஒரு பக்கம் போகவேண்டாம் என்றார், காரணம் சொல்லவில்லை. மறுபடி கேட்கலாமா?
– வாசகர், பெர்த்

வேண்டாம். சில கதைகள் ஆண்களுக்கு மட்டும், சில பெண்களுக்கு மட்டும், சில சடங்கு முடித்தவர்களுக்கு மட்டும். வெளியாருக்குச் சொல்வது மேலோட்டமான வடிவம்தான், அதுவே நமக்கு நிறைய. தவிர, பாறை இடுக்குகளில் முன்னோரின் எலும்புகளை வைத்திருக்கும் இடங்கள் உண்டு. 1948இல் அமெரிக்க–ஆஸ்திரேலிய ஆய்வுப் பயணக் குழு ஒன்று இஞ்சலாக் குன்றிலிருந்தே எலும்புகளை எடுத்துப் போனது. அவை வாஷிங்டனில் ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்தில் கிடந்து, திரும்பி வந்து குன்பலான்யாவில் அடக்கமானது 2011இல்தான்.

ஊருக்கு ஏதாவது வாங்கி வர ஆசை. டார்வின் கடைகளில் விலை குறைவாக இருக்கிறதே?
– வாசகி, சென்னை

குறைவாக இருப்பதற்குக் காரணம் இருக்கிறது. இந்தோனேசியாவில் செய்த பூமராங்குகளையும் டிட்ஜெரிடு என்ற ஊதுகுழல்களையும் பூர்வகுடிக் கைவேலை என்று விற்ற ஒரு மொத்த வியாபார நிறுவனத்துக்கு 2019இல் நீதிமன்றம் 23 லட்சம் டாலர் அபராதம் போட்டது. இஞ்சலாக் கலைமையத்தில் மரப்பட்டை ஓவியம், தாள் ஓவியம், தாழையோலையில் முடைந்த கூடைகள், அச்சடித்த துணி எல்லாம் கிடைக்கும். வரைந்தவர் பெயரோடு சான்றிதழைக் கேட்டு வாங்குங்கள். பெரும்பாலும் நடை முடியும் இடத்திலேயே முற்றத்தில் உட்கார்ந்து வரைந்துகொண்டிருப்பார்கள்.

விமானத்தில் கொண்டுவர மரப்பட்டை சிரமம். வளையும், வெடிக்கும், இறங்கும் இடத்தில் தாவரப் பொருள் என்று கேள்வியும் வரும். துணியோ தாளோ என்றால் சுருட்டிக் குழாயில் போட்டுவிடலாம். சுருட்டும்போது வண்ணம் பூசிய பக்கம் வெளியே இருக்கட்டும், உள்ளே மடங்கினால் களிமண் வண்ணம் நொறுங்கும்.