கொக்கி மூக்கு பூட்ஸும் வெள்ளை அங்கியும்: பின்லாந்துச் சிப்பாயின் உடுப்பு பற்றிக் கேள்வி பதில்

கே: 1939-இல் சோவியத் ஒன்றியம் பின்லாந்தைத் தாக்கிய குளிர்காலப் போரின் படங்களில் பின்லாந்துச் சிப்பாய்கள் ஆளுக்கொரு உடுப்பில் நிற்கிறார்களே. சீருடை என்று ஒன்று இருந்ததா இல்லையா?

ப: இருந்தது. எம்/36 எனும் சாம்பல் நிறக் கம்பளிச் சீருடை. எல்லாருக்கும் போதுமான அளவு இல்லை, அதுதான் சிக்கல். அக்டோபரில் கூடுதல் பயிற்சி என்ற பெயரில் அழைக்கப்பட்ட ரிசர்வ் படையினர் பலருக்குக் கிடைத்தது துப்பாக்கி, இடுப்புவார், தொப்பியில் குத்த நீல வெள்ளை வட்டச் சின்னம், அவ்வளவே. மற்றதெல்லாம் வீட்டுத் துணி. பிரதமர் ஐமோ கயாண்டரின் பெயரால் இதைக் 'கயாண்டர் மாடல்' என்று கிண்டலடித்தார்கள். ஆனால் அந்தச் சின்னம் வெறும் அலங்காரம் இல்லை. தூரத்திலிருந்தே தெரியும் நிலையான அடையாளம் இருந்தால்தான் போராளிக்குச் சட்டப் பாதுகாப்பு என்று 1907 ஹேக் விதிகள் சொல்கின்றன.

கே: அண்ணா, பூட்ஸின் மூக்கு ஏன் மேல்நோக்கி வளைந்திருக்கிறது?

ப: அது பியெக்சு, பின்லாந்தின் பனிச்சறுக்கு பூட்ஸ். பனிச்சறுக்குப் பலகையில் கால் விரல் பக்கம் ஒரு தோல் வார் இருக்கும். வளைந்த மூக்கு அதற்குள் மாட்டிக்கொள்ளும், குதிகால் தளர்வாக இருக்கும். குனியாமலே காலை நுழைக்கலாம், சுடும் சத்தம் கேட்டதும் உருவலாம். சாதாரண பூட்ஸில் வார் நழுவிவிடும்.

அளவு பெரியதாக வாங்குவது முக்கியம். உள்ளே சாக்ஸுக்குப் பதில் சதுரத் துணி சுற்றுவார்கள். துணியை மூலை முன்னால் வரும்படி விரித்து, காலை நடுவில் வைத்து, முன் மூலையை விரல்கள் மேல் மடக்குங்கள். பிறகு ஒரு பக்கத்தை இழுத்துப் பாதத்துக்கு அடியில் செருகி, மறுபக்கத்தை மேலே சுற்றி, கடைசி மூலையைக் குதிகாலுக்கு மேலே ஏற்றுங்கள். அடிப்பாதத்தில் சுருக்கம் விழுந்தால் கொப்புளம் உறுதி. இறுக்கமாக இருந்தாலோ ரத்த ஓட்டம் குறைந்து விரல்கள் உறைந்துபோகும். 1940 ஜனவரியில் குளிர் மைனஸ் 40 டிகிரிவரை போனது.

கே: 1/35 அளவு பொம்மைக்கு வெள்ளை அங்கி பூசுகிறேன். பிளாஸ்டிக் பொம்மைபோலவே இருக்கிறது, சார்.

ப: முழு வெள்ளை பூசியிருப்பீர்கள். அடியில் வெளிர் சாம்பல், அதன்மேல் மங்கிய வெள்ளை இரண்டு மெல்லிய பூச்சு. சுத்த வெள்ளை மடிப்பு விளிம்புகளில் மட்டும். கூடார அடுப்புப் புகையில் கைநுனியும் முழங்காலும் அழுக்காகியே இருக்கும். இது சீருடைமேல் போடும் பருத்தி அங்கி என்பதால் தொளதொளவென்றிருக்க வேண்டும், இடுப்புவார் அதற்கு வெளியே வரட்டும். பின்லாந்தின் ராத்தே சாலையில் சிக்கிய சோவியத் 44-வது டிவிஷனைச் செய்தால் அங்கியே வேண்டாம். காக்கி கோட்டோடு வந்து பனியில் பளிச்சென்று தெரிந்தவர்கள் அவர்கள்.

கே: பின்லாந்தின் குறிசுடும் வீரர் சிமோ ஹாய்ஹா தொலைநோக்கி இல்லாமல் சுட்டது உண்மையா?

ப: உண்மை. எம்/28-30 துப்பாக்கி, சாதாரணக் குறிமுள். குளிரில் கண்ணாடி மூடுபனி பிடிக்கும், வெளிச்சம் பட்டு மின்னும், பார்க்கத் தலையையும் உயர்த்த வேண்டியிருக்கும்.

கே: பின்லாந்துப் போர் விமானங்களில் இருந்த நீல ஸ்வஸ்திகா நாஜி சின்னமா?

ப: இல்லை. 1918-இல் ஸ்வீடனின் எரிக் வான் ரோசன் அன்பளித்த விமானத்தில் வந்தது. போர் முடிந்த பிறகு, 1945-இல், விமானங்களிலிருந்து நீக்கினார்கள்.

கே: பதவியை எதில் பார்ப்பது?

ப: கழுத்துப்பட்டையில் ரோஜா வடிவச் சின்னம் இருந்தால் அதிகாரி: ஒன்று வான்ரிக்கி (அதிகாரிகளில் கடைநிலை), இரண்டு லெப்டினன்ட், மூன்று கேப்டன். தோள்பட்டையில் வி வடிவக் கோடு இருந்தால் கார்ப்பரல் முதல் சார்ஜென்ட் வரையிலான படிநிலைகள்.

கே: அசல் பனி அங்கி விற்பனைக்கு வந்திருக்கிறது, ஐயா. வாங்கலாமா?

ப: வெறும் வெள்ளைத் துணி, யார் வேண்டுமானாலும் தைக்கலாம். அதனால் தையல் நூலைப் பாருங்கள். புற ஊதா விளக்கில் துணி மங்கி, நூல் மட்டும் பளிச்சென்று மின்னினால் செயற்கை நூல், பின்னால் தைத்தது. துணி முழுக்க மின்னினால் அவசரப்பட்டு நிராகரிக்காதீர்கள், இக்காலச் சோப்புத்தூளில் துவைத்திருந்தாலும் அப்படித்தான். அப்போது உள்தையலில் தளர்ந்த நூலைத் துளி எடுத்துக் கொளுத்துங்கள். பருத்தி என்றால் தாள் வாசனையோடு சாம்பலாகும், பாலியெஸ்டர் உருகி மணியாகும். விற்பவர் கொளுத்த விடவில்லையென்றால் வாங்காதீர்கள்.