கட்டுச்சோறு: ஒரு கடிதம்

ஐயா,

சியோலில் ஹான் ஆற்றங்கரையில் நைஜீரிய நண்பரின் குடும்பத்தோடு சாப்பிட்டதைப் பற்றி எழுதியிருந்தீர்கள். சோற்றைக் கடற்பாசித் தாளில் சுருட்டும் கொரியக் கிம்பாப்பையும் மேற்கு ஆப்பிரிக்கச் சுட்ட இறைச்சியான சூயாவையும் ஒரே டப்பாவில் அடைப்பது இட்லியில் பீட்சா செய்வதுபோன்ற வேடிக்கைதானே? மிளகாயைத் தவிர அந்த இரண்டு ஊர்களுக்கும் பொதுவாக என்ன இருக்கிறது?

ஒரு வாசகர், திருச்சி

அன்புள்ள நண்பருக்கு,

பாதி ஒப்புக்கொள்கிறேன். அன்று முதலில் திறந்த டப்பா வேடிக்கைதான். நண்பரின் மனைவி ஜொலோஃப் சோற்றைக் கடற்பாசித் தாளில் சுருட்டிக் கொண்டுவந்திருந்தார். தக்காளியும் மிளகாயும் எண்ணெயும் ஏறிய நீள அரிசி அது, உதிரி உதிரியாக நின்றால்தான் அதற்கு மதிப்பு. கிம்பாப்புக்கோ ஒட்டிக்கொள்ளும் குட்டை அரிசி வேண்டும். கத்தி பட்டதும் சுருள் வாய் பிளந்தது, விரிப்பெல்லாம் செம்பருக்கை. தக்காளி ஈரத்தில் ஊறிய தாள் மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டு வர மறுத்தது. கரண்டி கேட்டு வாங்கி அள்ளித் தின்றோம். சோறு மட்டும் அருமை.

நான் எழுதியது இரண்டாவது டப்பாவைப் பற்றி. கொரியாவின் தென்கரையில் தொங்யோங் என்றொரு துறைமுகம், பழைய பெயர் சுங்மு. உள்ளே காய்கறி, முட்டை வைத்த கிம்பாப் வெயிலில் கெட்டுவிடுகிறது என்று, கடலுக்குப் போகிறவர்களுக்காக வெறும் சோற்றை விரல் பருமனில் சுருட்டி, காரக் கணவாயையும் முள்ளங்கிக் கிம்ச்சி என்ற நொதித்த ஊறுகாயையும் தனியே கட்டிக் கொடுத்தார்களாம். 1981இல் சியோலில் நடந்த ஒரு பெரிய விழாவுக்குப் பிறகு சுங்மு கிம்பாப் நாடெங்கும் தெரிந்தது. குச்சியால் குத்தித் தின்பார்கள்.

அந்தக் கணவாயின் இடத்தில்தான் நண்பரின் மனைவி சூயாவை வைத்திருந்தார். வடக்கு நைஜீரியாவின் ஹவுசாக்காரர்கள் மாட்டிறைச்சியை மெல்லிசாகச் சீவி, யாஜி என்ற பொடியில் புரட்டி, குச்சியில் கோத்துக் கனலில் வாட்டுவது சூயா. யாஜியில் மிளகாய், சுக்கு, உப்பு எல்லாம் உண்டு, ஆனால் உயிர் குலி குலிதான். கடலையில் எண்ணெய் பிழிந்தபின் மிஞ்சும் சக்கையை உருட்டிப் பொரித்தது அது. நம் ஊரில் மாட்டுக்கு வைக்கும் கடலைப் புண்ணாக்குக்கு நெருங்கிய சொந்தம், முகம் சுளிக்காதீர்கள். குழம்போ சாறோ இல்லாத காய்ந்த பூச்சு என்பதால் பக்கத்தில் இருக்கும் சோறு நனையவில்லை, தாளும் மொறுமொறுப்பாகவே இருந்தது.

மிளகாய் இரண்டு ஊருக்குமே அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்த விருந்தாளி, அதை வைத்து உறவு கொண்டாட முடியாது. உறவு நாற்றத்தில் இருக்கிறது. மேற்கு ஆப்பிரிக்காவில் ஒரு மரத்தின் விதையை வேகவைத்து, தோலுரித்து, கதகதப்பாக மூடி இரண்டு மூன்று நாள் நொதிக்க விடுகிறார்கள். ஹவுசாவில் தாவதாவா, யோருபாவில் இரு, வோலோஃபில் நெதெது. கொரியாவில் வெந்த சோயாவை அப்படியே மூடிவைத்தால் சொங்குக்ஜாங். இரண்டிலும் வேலை செய்வது பாசில்லஸ் சப்டிலிஸ் என்ற ஒரே நுண்ணுயிர். நைஜீரியாவில் இப்போது சோயாவிலேயே தாவதாவா செய்கிறவர்களும் உண்டு.

தொட்டுக்கொள்ளக் கோச்சுஜாங் என்ற கொரிய மிளகாய் விழுதில் சிறிது தாவதாவாவைப் பொடித்துக் கலந்திருந்தார். மூடியைத் திறந்ததும் அடுத்த விரிப்பிலிருந்த பாட்டி திரும்பி, "சொங்குக்ஜாங்கா?" என்று கேட்டார். இட்லி பீட்சாவைப் பார்த்து இத்தாலியப் பாட்டி யாரும் அப்படிக் கேட்க மாட்டார் என்றே நினைக்கிறேன்.

செய்து பார்ப்பதானால் சோற்றில் வினிகர் சேர்க்க வேண்டாம், அது சுஷிக்கு. உப்பும் வறுத்த எள்ளின் எண்ணெயும் போதும். நம் நல்லெண்ணெயில் அந்த வாசம் வராது. சூயாவோடு கடித்துக்கொள்ளும் பச்சை வெங்காயத்தைச் சாப்பிடும் இடத்திலேயே நறுக்கிக்கொள்ளுங்கள். நாங்கள் வீட்டிலேயே நறுக்கிக்கொண்டு போனோம், திரும்பும்போது ரயிலில் எங்கள் பக்கத்து இருக்கையில் யாரும் உட்காரவில்லை.