படிகத்தின் நிறமும் படத்தின் இசையும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பிரெஞ்சு அறிவியல் படத் தயாரிப்பாளர் ழான் பான்லெவே பற்றிய உங்கள் கட்டுரையைப் படித்தேன். வைட்டமின் சி படிகங்கள் வளர்வதை நுண்ணோக்கியில் எடுத்து ஓர் ஆவணப்படம் செய்ய நினைக்கிறேன். வண்ணமும் இசையும் சேர்த்தால் அறிவியல் பொய்யாகிவிடும் என்கிறார் என் பேராசிரியர். எடுத்த சோதனைக் காட்சிகளோ வெளிறி, மினுக்கிக்கொண்டே இருக்கின்றன. என்ன செய்யலாம்?

ஒரு மாணவி

அன்புள்ள மாணவிக்கு,

வண்ணத்தை எடிட்டிங்கில் சேர்க்கவேண்டிய தேவையே உங்களுக்கு இல்லை. ஒரு திசையில் அதிரும் ஒளியை மட்டும் விடும் போலரைசர் தாள் ஒன்றை விளக்குக்கும் ஸ்லைடுக்கும் நடுவிலும், இன்னொன்றை ஸ்லைடுக்கும் கேமராவுக்கும் நடுவிலும் வையுங்கள். மேல்தாளை மெல்லத் திருப்பினால் ஓரிடத்தில் பின்னணி முழுக்கக் கறுத்து, படிகம் மட்டும் நிறத்தோடு தெரியும். படிகத்துக்குள் ஒளி இரண்டாகப் பிரிந்து, ஒன்று பின்தங்கி வருவதால் உண்டாகும் நிறம் அது. எவ்வளவு பின்தங்குகிறது என்பது படிகத்தின் தடிமனையும் அது கிடக்கும் திசையையும் பொறுத்தது. ஆக, அந்த நிறம் ஓர் அளவீடு. இதைப் பேராசிரியர் மறுக்கமாட்டார்.

வெளிறுவது பெரும்பாலும் தடிமனால்தான். 10 மி.லி. நீரில் 1 கிராம் தூய அஸ்கார்பிக் அமிலத் (வைட்டமின் சி) தூள் கரைத்து, சிறு துளியை ஊசியால் பரப்பிவிடுங்கள். கனமாக விட்டால் நிறங்கள் கலந்து வெளுக்கும். மிக மெலிதானால் சாம்பல்தான் மிஞ்சும். காய்ந்தும் பாகாகவே நின்றால், ஓரத்தில் ஒரு துகள் தூளை வையுங்கள், அங்கிருந்து படிகம் கிளம்பும். சப்பும் மாத்திரை வேண்டாம், அதில் சர்க்கரையும் பிற சேர்மானங்களும் உண்டு. பிளாஸ்டிக் தட்டும் ஆகாது: வார்ப்பின்போது அதற்குள் தங்கிய இறுக்கம் தானே நிறம் காட்டி, கறுப்பைக் கெடுத்துவிடும். தூசியும் பகைதான். ஒவ்வொரு தூசியிலும் ஒரு படிகம் தொடங்கினால் எதற்கும் விரிய இடமிருக்காது.

மினுக்கத்துக்கு முதல் காரணம் தானியங்கி எக்ஸ்போஷர். கறுப்பைக் கண்டால் வெளிச்சத்தைக் கூட்டும், படிகம் பெருகப் பெருகக் குறைக்கும். எக்ஸ்போஷர், ஐ.எஸ்.ஓ., ஒயிட் பேலன்ஸ், ஃபோகஸ் எல்லாவற்றையும் மேனுவலில் பூட்டுங்கள். அடுத்தது விளக்கு. 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் எரியும் மலிவான எல்.இ.டி. நொடிக்கு 100 தடவை துடிக்கும். ஷட்டரை 1/50 அல்லது 1/100 நொடியில் வையுங்கள். ஸ்லைடு ஆடாமலிருக்க மின்விசிறியையும் நிறுத்திவிடுங்கள்.

வளர 40 நிமிடம் என்றால், 5 நொடிக்கு ஒரு படம் வீதம் 480 படங்கள். நொடிக்கு 25 ஃபிரேமில் ஓட்டினால் 19 நொடிக் காட்சி. '125 மடங்கு வேகம்' என்று திரையிலேயே போட்டுவிடுங்கள். ஸ்டேஜ் மைக்ரோமீட்டரை (நுண்ணிய அளவுக்கோடுகள் பொறித்த ஸ்லைடு) அதே உருப்பெருக்கத்தில் ஒருமுறை எடுத்துவைத்தால் அளவுகோலும் போடலாம்.

இசை விஷயத்தில் பேராசிரியரின் கவலை பாதி நியாயம். பான்லெவே தன் கடல்குதிரைப் படத்துக்கு இசையமைப்பாளர் தாரியுஸ் மியோவின் இசையை வைத்தார். 1945இல் வந்த இரத்தம் குடிக்கும் வௌவால் படத்துக்கு டியூக் எலிங்டனின் ஜாஸ்! அதனால் ஆண் கடல்குதிரை குஞ்சு ஈனுவது பொய்யாகிவிடவில்லை. தாளத்துக்குப் பொருந்தவேண்டும் என்று நீங்கள் நடுவில் ஃபிரேம்களை உருவினால்தான் வம்பு. வளர்ச்சியின் வேகமே மாறிவிடும், திரையில் போட்ட 125 மடங்கும் பொய்யாகும். காட்சியை முதலில் வெட்டி முடித்து, படிகம் கிளைக்கும் நொடிகளைக் குறித்து, அதற்குப் பிறகு இசையமைப்பவரிடம் கொடுங்கள்.